ரகீபும் தோழியும்: காதற் கதைகளில் இடையே நிற்போர்

சில ஆண்டுகளுக்கு முன்னர், ஓர் அரபிக் கல்லூரியின் ஆண்டு மலருக்குப் படைப்புகளைத் தேர்ந்தெடுக்கும் குழுவில் நானும் இருந்தேன். இறுதியாண்டு மாணவர் ஒருவர் சிறுகதை ஒன்றைத் தந்திருந்தார். வறிய இளைஞன் ஒருவன் தன் மாமன் மகளை மணம்புரிய விழைகிறான். மாமன் மறுத்து, அவளை வேறிடத்தில் மணமுடித்துக் கொடுக்கிறார். இளைஞன் ஊரைவிட்டுப் போகிறான். இவ்வளவே கதை. "மதரஸா மலரில் காதல் கதையா?" என்று குழுவில் ஒருவர் வினவினார். ஏனையோர் தலையசைத்தோம். ஐந்து நிமிடங்கூட ஆகவில்லை. கதை திருப்பித் தரப்பட்டது.

அன்று காலை அதே மாணவருக்கு நான் நடத்திய பாடம் முஅல்லகாத் என்பதை நினைக்கும்போது இன்றும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. இம்ரஉல் கைஸ் தம் நெடும்பாடலைக் காதலி விட்டுச் சென்ற பாசறையின் சுவடுகளருகே நின்று அழுவதில் தொடங்குகிறார். அரபுக் கஸீதாவின் இந்தத் தொடக்கப் பகுதிக்கு நஸீப் என்று பெயர். அதைச் சொல்லுக்குச் சொல் விளக்கி, அணிநயம் காட்டி, தேர்வில் வினாவும் கேட்கிறோம். அறியாமைக் காலத்துப் பாடல், மொழிக்காகவே கற்கிறோம் என்று சமாதானம் சொல்லலாம். அப்படியானால் கஅப் இப்னு ஸுஹைர் (ரலி) அவர்களின் கஸீதாவை என்ன செய்வது? மன்னிப்பு நாடி மதீனா வந்த அவர், நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் திருமுன்னர் பாடிய அந்தப் பாடலும் ஸுஆத் என்னும் பெண்ணின் பிரிவைச் சொல்லித்தான் தொடங்குகிறது. அண்ணலார் அதனை முழுவதும் செவிமடுத்துத் தம் மேலாடையைப் பரிசாக வழங்கினார்கள் என்பது சரித நூல்கள் கூறும் செய்தி.

ஆகவே, காதலை எழுதலாமா என்ற வினா நம் மரபில் புதிதாக எழுந்ததன்று; விடையும் நெடுங்காலத்திற்கு முன்பே கிடைத்துவிட்டது. எப்படி எழுதுவது என்பதே அறிஞர்கள் கருத்தூன்றிய வினா. அந்த மாணவரின் கதையில் குறை இருந்தது உண்மை. அந்தக் குறையை நாங்கள் பார்க்கவில்லை; வேறொன்றைக் குறையென்று கொண்டோம்.

காதலைப் பாடுவதற்கும் காதலைக் கதையாக்குவதற்கும் இடைவெளி பெரிது. நஸீபில் ஒரே குரல்தான் உண்டு. காதலி போய்விட்டாள், கவிஞன் தனித்து நின்று புலம்புகிறான். அவள் ஏன் போனாள் என்று நாம் கேட்பதில்லை. கதையிலோ அந்த 'ஏன்' தான் முதலில் எழுகிறது. இருவரும் விரும்பினர், ஆனால் சேரவில்லை என்றால் இடையே நின்றவர் யார், அவர் பக்கத்து நியாயம் என்ன என்று கேட்போர் மனம் தேடும்.

லைலா மஜ்னூன் கதையை எடுத்துக்கொள்வோம். பனூ ஆமிர் குலத்துக் கைஸ் இப்னுல் முலவ்வஹ், ஹிஜ்ரி முதல் நூற்றாண்டின் பிற்பகுதியில் வாழ்ந்ததாக மரபு கூறும். அப்படியொருவர் வாழவே இல்லை என்று சொன்னோரின் அறிவிப்புகளையும் அபுல் ஃபரஜ் அல்இஸ்பஹானி (இறப்பு கி.பி. 967) தம் 'கிதாபுல் அகானீ'யில் மறைக்காமல் பதிவு செய்துள்ளார். இருந்தாரோ இல்லையோ, கதை நிலைத்துவிட்டது. அது நிலைத்ததற்குக் கைஸின் பித்து மட்டும் காரணமன்று. லைலாவின் தந்தையும் ஒரு காரணம். குலப்பெண் ஒருத்தியின் பெயரைச் சொல்லிப் பாடல் புனைந்து பரப்பியவனுக்கே அவளை மணமுடித்துக் கொடுப்பதை அக்கால அரபிகள் இழிவாகக் கருதினர். கொடுத்தால், ஊரார் பேசியதெல்லாம் மெய்யென்று தாமே ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும். எனவே அந்தத் தந்தை கல்நெஞ்சர் அல்லர். தம் குலத்தின் மானத்துக்குக் காவல் நிற்பவர். கைஸ் தன் காதலை எத்துணை அழகாகப் பாடுகிறானோ அத்துணைக்கு அவள் அவனுக்குக் கிடைக்காமற் போகிறாள். அவனுடைய கவிதையே அவனுக்குத் தடையாகும் இந்த முரணைத் தந்தையின் நியாயத்தை நீக்கிவிட்டு எழுத இயலாது.

கி.பி. 1188இல் (ஹி. 584) பாரசீகத்தில் இக்கதையைக் காவியமாக்கிய நிஜாமி இதனை நன்கு உணர்ந்திருந்தார். லைலாவை மணந்த இப்னு ஸலாமை அவர் கொடியவனாக்கவில்லை. மனைவி தன்னை ஏற்கமாட்டாள் என்று அறிந்து, அவளைப் பார்த்திருப்பதே போதும் என்று விலகி வாழ்பவனாகக் காட்டினார். மஜ்னூனுக்காகப் படை திரட்டிப் போர் தொடுக்கும் நவ்ஃபல் என்னும் தலைவனையும் படைத்தார். அந்தப் போரில் மஜ்னூனின் மனம் தனக்காகப் போரிடுவோர் பக்கம் நிற்கவில்லை. லைலாவின் குலத்தார் பக்கமே நிற்கிறது. அந்த ஓர் இடத்தைப் படித்தவர் மஜ்னூனை வெறும் பித்தன் என்று எண்ணமாட்டார்.

இடையே நிற்போரை வகைப்படுத்தி எழுதியவர் ஒரு ஃபிக்ஹு அறிஞர் என்பது பலருக்கு வியப்பளிக்கும். 'அல்முஹல்லா' என்னும் பெரும் சட்ட நூலின் ஆசிரியரான குர்துபா நகரத்து இப்னு ஹஸ்ம் (994-1064), 'தவ்குல் ஹமாமா' என்ற நூலைத் தம் இளமையில் ஷாத்திபாவில் இருந்தபோது இயற்றினார். புறாவின் கழுத்து வளையம் என்று அப்பெயர் பொருள்படும். நண்பர் ஒருவரின் வேண்டுகோளுக்கு இணங்கி எழுதப்பட்ட இந்நூல் முப்பது இயல்களைக் கொண்டது. ஹிஜ்ரி 738இல் படியெடுக்கப்பட்ட ஒரேயொரு கையெழுத்துப் பிரதி நெதர்லாந்தின் லெய்டன் பல்கலைக்கழக நூலகத்தில் எஞ்சியிருந்தது. 1914இல் அது அச்சேறியது. அந்த ஒரு பிரதியும் கரையானுக்கு இரையாகியிருந்தால் நம் இழப்பு எத்தகையது!

காதலின் அடையாளங்கள், நீண்ட பழக்கத்தால் விளையும் காதல், கண்ணால் பேசுதல், மடல் எழுதுதல், மறைத்தல் என்று இயல்கள் செல்கின்றன. முதற்பார்வையிலேயே காதல் கொண்டதாகச் சொல்வோரைக் கண்டு தாம் வியப்பதாகவும், தம் உள்ளத்தில் நெடுநாள் பழக்கத்திற்குப் பிறகே அன்பு வேரூன்றியதாகவும் அவர் எழுதுகிறார். பிறகு வருகிறார்கள் மனிதர்கள்: தூது செல்லும் சஃபீர், துணைநிற்கும் தோழர், கண்டித்துரைக்கும் ஆதில், கண்காணிக்கும் ரகீப், கோள்மூட்டும் வாஷீ. ஒவ்வொருவருக்கும் தனி இயல் உண்டு. ரகீபிலும் வகைகள் உள்ளன. இருவர் சந்திக்க எண்ணிய இடத்தில் ஒன்றும் அறியாமல் வந்து அமர்ந்து எழுந்து போகாமல் இருப்பவரும் ஒரு ரகீபே! (நம் ஊர்த் திண்ணைகளில் இவரைக் காணாதவர் யார்?) நூலின் கடைசி இரண்டு இயல்கள் பாவத்தின் இழிவையும் கற்பொழுக்கத்தின் மேன்மையையும் பேசுகின்றன. உயிரோடிருப்போரின் மானம் கருதிப் பலரின் பெயரை அவர் மறைத்தும் விடுகிறார்.

தமிழ் கற்ற எவரும் இவ்விடத்தில் அகத்திணையை நினையாமல் இருக்க இயலாது. அகப்பாடலில் தலைவன், தலைவி பெயரைச் சுட்டிச் சொல்லலாகாது என்று தொல்காப்பியம் விதிக்கிறது. பெயர் வெளிப்பட்டதால் கைஸ் பட்ட பாட்டை இதனோடு வைத்துப் பார்த்தால் இரு மரபுகளின் அச்சமும் ஒன்றென்பது புலப்படும். தோழி, செவிலி, நற்றாய், பாங்கன், அலர் தூற்றும் அயலார் என்று இடையே நிற்போர் இங்கும் வரிசையாக உள்ளனர். தலைவியை இல்லில் செறிக்கும் தாய் கொடியவள் அல்லள். அவள் காவலும் அன்பின் ஒரு வடிவம். தோழி ஒருபுறம் தலைவியின் களவுக்குத் துணை. மறுபுறம் தலைவனை வரைவுக்கு, அதாவது மணத்திற்கு, விரைவுபடுத்துபவள். தக்க நேரத்தில் உண்மையைச் செவிலியிடம் வெளிப்படுத்தும் செயலுக்கு இலக்கணம் அறத்தொடு நிற்றல் என்று பெயரிட்டுள்ளது. காதலை வெளிப்படுத்துவதையே அறத்தோடு நிற்பது என்று சொன்ன அந்த இலக்கணியின் நுண்மதிக்கு நான் தலைவணங்குகிறேன்.

திருக்குர்ஆன் தானே மிக அழகிய வரலாறு என்று சிறப்பிக்கும் யூசுஃப் அத்தியாயத்தை இங்கே எச்சரிக்கையோடு குறிப்பிட வேண்டும். அது காதல் கதை அன்று. இறைத்தூதர் ஒருவரின் பொறுமையும் தூய்மையுமே அதன் மையம். ஆயினும் மனித விழைவை எடுத்துரைக்கும் முறைக்கு அதனினும் சிறந்த பாடம் இல்லை. அஸீஸின் மனைவி அங்கே பெயரற்றவர். கதவுகளை அடைத்தவரும் அவரே. பின்னர் அரசவையில் உண்மையை ஒப்புக்கொள்பவரும் அவரே. சட்டை பின்புறம் கிழிந்திருப்பதைச் சான்றாகக் காட்டி நீதி சொல்பவர் அப்பெண்ணின் குடும்பத்தைச் சேர்ந்தவர். எவரும் ஒற்றைச் சாயத்தில் தோய்க்கப்படவில்லை. ஜுலைகா என்னும் பெயர் பிற்காலத்து விரிவுரைகளிலும் காவியங்களிலும் வருவது. 1483இல் ஜாமி அப்பெயரைக் கொண்டே தம் பாரசீகக் காவியத்தைப் பாடினார். தமிழில் கவிஞர் சாரணபாஸ்கரன் அக்கதையைக் காப்பியமாக்கினார்.

இனி நம் பக்கத்திற்கு வருவோம். நான் வசிக்கும் சிங்கப்பெருமாள் கோயிலிலிருந்து செங்கல்பட்டு, திருக்கழுக்குன்றம் வழியாக மாமல்லபுரம் ஏறத்தாழ 40 கிலோமீட்டர். எங்கள் ஊரின் பெயரும், மாமல்லபுரத்திற்குப் பெயர் தந்த நரசிம்மவர்மனின் பெயரும் ஒரே சொல்லிலிருந்து பிறந்தவை. அம்மன்னன் வாதாபியை வென்றது கி.பி. 642 என்பர். ஹிஜ்ரிக் கணக்கில் அது 21ஆம் ஆண்டு. உமர் (ரலி) அவர்களின் ஆட்சிக்காலம். பாரசீகத்தில் நஹாவந்த் போர் நிகழ்ந்த ஆண்டும் அதுவே. மரபு சொல்லும் காலத்தில் கைஸ் பாலைவெளியில் அலைந்திருப்பானாயின், அவனுக்கு ஒரு தலைமுறை முன்பின்னாக இங்கே கடற்கரைப் பாறைகளில் உளியோசை கேட்டுக்கொண்டிருந்தது.

அந்தக் கடற்கரையில் ரசிகமணி டி.கே.சி.யுடன் அமர்ந்திருந்தபோது உள்ளத்தில் விழுந்த வித்துத்தான் 'சிவகாமியின் சபதம்' என்று அதன் ஆசிரியர் கல்கி (1899-1954) எழுதியுள்ளார். 1944 முதல் 1946 வரை 'கல்கி' இதழில் தொடராக வந்த அப்புதினத்தை, இதழிலிருந்து கிழித்துத் தைத்த கட்டுப்புத்தகமாகப் பல வீடுகளில் வைத்திருந்தனர். முஸ்லிம் வீடுகளும் அதற்கு விலக்கல்ல. என் தாயார் அதனை அரிசிப்பானைக்குப் பின்னால் வைத்திருந்ததை நான் பார்த்திருக்கிறேன். எதற்காக அங்கே வைத்தார்கள் என்று அப்போது விளங்கவில்லை. வாசிப்பதை மறைத்தார்கள், வாசிக்காமல் இருக்கவில்லை.

வாதாபிப் போர் வரலாறு. பரஞ்சோதி அப்போரில் தளபதியாக இருந்ததைப் பெரியபுராணம் வழி அறிகிறோம். ஆயனச் சிற்பியும் அவர் மகள் சிவகாமியும் கற்பனை. அரசகுமாரன் மாமல்லனுக்கும் நடனக்கலைஞி சிவகாமிக்கும் இடையிலான காதல் முழுவதும் கல்கியின் படைப்பு. எழுபது, எண்பது ஆண்டுகளாக வாசகர் அதனை வரலாறு போலவே நம்பி வருவதன் காரணத்தைத்தான் நாம் ஆராய வேண்டும்.

முதற் காரணம் மகேந்திரவர்மன். மகனின் காதலுக்கு இடையே நிற்பவன் அவனே. போரைக் காரணம் காட்டி மகனைக் காஞ்சிக் கோட்டைக்குள் நிறுத்திவைக்கிறான். இருவரையும் மடல்களால் மட்டுமே பேசவைக்கிறான். இப்னு ஹஸ்மின் சொல்லில் அவன் ரகீப். ஆனால் எத்தகைய ரகீப்! வரலாற்றிலேயே அவன் கலைஞன்: 'மத்தவிலாசப் பிரகசனம்' என்ற நாடகத்தை எழுதியவன், செங்கல், மரம், உலோகம், சுண்ணம் எதுவுமின்றிப் பாறையைக் குடைந்து கோயில் அமைத்ததாக மண்டகப்பட்டுக் கல்வெட்டில் பெருமிதம் கொண்டவன். அந்த மகேந்திரனைக் கல்கி, சிவகாமியின் கலையை மாமல்லனைவிட நுட்பமாக உணர்ந்தவனாகப் படைத்தார். அவள் கலைக்கு உரியவள் என்றும், மகன் நாட்டுக்கு உரியவன் என்றும் அவன் மெய்யாகவே நம்புகிறான். அவன் தவறு செய்கிறான் என்று சொல்லத் துடிக்கும் வாசகருக்கு அவ்வளவு எளிதாக வாய் வருவதில்லை.

இரண்டாவது காரணம் இன்னும் நுட்பமானது. கதையின் பின்பாதியில் காதலுக்கு இடையே நிற்பவள் சிவகாமியே. சிறைப்பட்டு வாதாபிக்குக் கொண்டு செல்லப்பட்ட அவள், தான் நடனம் ஆடாவிட்டால் தமிழ்ச் சிறைக்கைதிகள் சாட்டையால் அடிக்கப்படுவார்கள் என்பதற்காக நாற்சந்தியில் ஆடுகிறாள். அந்த அவமானத்தில் பிறந்தது அவள் சபதம்: மாமல்லர் வாதாபியை எரித்து அழித்துத் தன்னை மீட்கும்வரை அந்நகரைவிட்டு வெளியேறுவதில்லை. பின்னர் மாமல்லன் மாறுவேடத்தில் உயிரைப் பணயம் வைத்து வந்து அழைக்கிறான், அவள் மறுக்கிறாள். புதினத்தின் உயிர்நிலை இதுவே. 'வந்துவிடு பெண்ணே' என்று வாசகர் மனம் கதறுகிறது. ஆனால் அடிபட்டவர்களின் முதுகைப் பார்த்தவள் அவள், நாம் அல்லோம். அவளைப் பிடிவாதக்காரி என்று சொல்லிவிட்டுக் கடந்துபோகவும் இயலவில்லை. நேசத்தையும் மானத்தையும் எதிரெதிரே நிறுத்தி, இரண்டையும் ஒருத்தியின் நெஞ்சுக்குள்ளேயே வைத்துவிட்டார் ஆசிரியர்.

படை திரட்ட ஒன்பது ஆண்டுகள் செல்கின்றன. இதற்கிடையில் நாட்டின் தேவை கருதி மாமல்லன் பாண்டிய இளவரசி வானமாதேவியை மணக்கிறான், மக்களும் பிறக்கின்றனர். வாதாபி எரிகிறது, சபதம் நிறைவேறுகிறது. காஞ்சி திரும்பிய பிறகே சிவகாமி உண்மையை அறிகிறாள். யாரைக் குறை சொல்வது? முடிவில் ஏகாம்பரநாதர் சந்நிதியில் தன்னை இறைப்பணிக்கு ஒப்படைக்கிறாள். அம்முடிவின் சமயக் கோலம் நம்முடையது அன்று. அந்தத் துயரம் அனைவருக்கும் பொதுவானது.

குறைகளும் உண்டு. உருவ ஒற்றுமையும் மாறுவேடமும் தற்செயலான சந்திப்பும் வேண்டுமென்ற அளவுக்கு மேல் இருக்கின்றன. தொடர்கதை வாசகரை வாரந்தோறும் இழுத்து நிறுத்த வேண்டிய நெருக்கடி அது. நாகநந்தி என்னும் பிக்ஷு சில பகுதிகளில் மாமல்லனையே மறைத்துவிடுகிறார். மூன்றாம் பாகத்துக்கு 'பிக்ஷுவின் காதல்' என்றே பெயர். என் வருத்தம் வானமாதேவியைப் பற்றியது. ஒரு தவறும் செய்யாமல் அந்த முக்கோணத்தில் வந்து நின்றவள் அவள். நிஜாமி இப்னு ஸலாமுக்குத் தந்த இடத்தைக் கல்கி அவளுக்குத் தரவில்லை.

இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. இதற்கு முன்பே கல்கி 'பார்த்திபன் கன'வை எழுதிவிட்டார். கதைக்காலத்தில் அது பிந்தியது. அதில் மாமல்லச் சக்கரவர்த்தி தந்தையாகிவிட்டார். அவர் மகள் குந்தவி, சோழ இளவரசன் விக்கிரமனை நேசிக்கிறாள். அவனைத் தீவாந்தரத்துக்கு அனுப்பியவரும் அவர்தான், சிவனடியார் வேடத்தில் அவனைக் காப்பவரும் அவர்தான். ரகீபும் சஃபீரும் ஒருவரே! மகளின் காதலுக்கு இவ்வளவு பரிவு காட்டும் ஒரு தந்தையை முதலில் படைத்துவிட்டு, அந்தப் பரிவு எந்தக் காயத்திலிருந்து வந்திருக்கும் என்று தேடிப் பின்னோக்கிச் சென்றதைப் போலவே எனக்குத் தோன்றுகிறது.

கல்கி இதை எழுதுவதற்குச் சில ஆண்டுகள் முன்பே, நேசத்திற்கும் கடப்பாட்டிற்கும் இடையிலான இதே போராட்டத்தைத் தலைப்பிலேயே வைத்து ஒரு முஸ்லிம் பெண்மணி புதினம் எழுதியிருந்தார் என்பதை நம்மவர் எத்தனை பேர் நினைவில் கொண்டுள்ளோம்? நாகூர் சித்தி ஜுனைதா பேகம் (1917-1998) 1938இல் வெளியிட்ட நூலின் பெயர் 'காதலா? கடமையா?'. பள்ளிப்படிப்பு மூன்றாம் வகுப்போடு நின்றுபோன அவருக்கு அப்போது வயது 21. தமிழ்த்தாத்தா உ.வே. சாமிநாதையர் அதற்கு முன்னுரை வழங்கினார். பின்னர் 'சண்பகவல்லி தேவி', 'மகிழம்பூ' முதலிய கதைகளையும், நாகூர் ஆண்டகையின் வரலாற்றையும், 'இஸ்லாமும் பெண்களும்' என்ற நூலையும் எழுதினார். காதற் கதையும் இறைநேசர் சரிதமும் ஒரே பேனாவிலிருந்து வந்தன. அவருக்கு அதில் முரண் தோன்றவில்லை. ஆண்டு மலர்க் குழுவில் அமர்ந்திருந்த எங்களுக்குத் தோன்றியது.

அம்மாணவரின் கதைக்குத் திரும்புகிறேன். அதில் உண்மையான குறை அந்த மாமன். பணத்தாசை பிடித்தவர், உரத்துப் பேசுபவர், இரக்கமற்றவர் என்று மூன்று வரிகளில் அவரை முடித்திருந்தார். அவர் தம் மகளின் எதிர்காலத்தை எண்ணி ஓர் இரவேனும் விழித்திருந்ததாகக் கதையில் இல்லை. அந்தப் பெண்ணும் இரண்டு இடங்களில் அழுததைத் தவிர ஒன்றும் பேசவில்லை. இதைச் சொல்லித் திருத்தி எழுதித் தருமாறு கேட்டிருக்க வேண்டும். முஅல்லகாத் நடத்திய ஆசிரியனுக்கு, தவ்குல் ஹமாமாவை வாசித்தவனுக்கு, அது தெரிந்திருக்க வேண்டும்.

அவர் இப்போது வடமாவட்டமொன்றில் இமாமாகப் பணிபுரிகிறார். சென்ற ரமளானுக்குப் பிறகு ஒரு திருமணத்தில் சந்தித்தபோது அந்தக் கதையைப் பற்றிக் கேட்டேன். படி எதுவும் கைவசம் இல்லை என்றார். பிறகு ஏதும் எழுதினீர்களா என்றேன். "குத்பா எழுதுகிறேன், ஹஸ்ரத்" என்று சொல்லிச் சிரித்தார். அவருக்கு இப்போது ஆறு வயதில் ஒரு மகள் இருக்கிறாள். விருந்து முடிந்து கிளம்பும்போது, "அந்த மாமனை இப்போது எழுதினால் வேறு மாதிரி எழுதுவேன்" என்றார்.

எழுதி அனுப்புமாறு என் முகவரியைக் கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன்.